வாய்மொழி ஒழுக்கக் குழுவும் ஓர் ஊமைப்படமும்

ஊமைப்படத்தில் பேசிய குற்றத்துக்காக விசாரிக்கப்பட்ட தயாரிப்பாளர், எனக்குத் தெரிந்து, பிரான்ஸ் தேசத்திலேயே ஒருவர்தான். கஸ்பார் தெவனூ என்று பெயர். பாரிஸை ஒட்டிய மோந்த்ரூயி என்ற ஊரில் எங்களுக்கு முதலாளி. அவருடைய படங்களில் காட்சிக்குக் காட்சி நடுவே வரும் வசன அட்டைகளை எழுதியது பெரீன் என்கிற நான். கறுப்புப் பலகையில் வெள்ளைச் சாயத்தால் "ஐயோ, என் கணவர்" என்று எழுதி எழுதியே என் இளமை கழிந்தது. எனக்குக் கடைசிவரை கணவர் என்று ஒருவர் வாய்க்கவில்லை.

தெவனூ பிறவிச் சினிமாக்காரர் அல்ல. மெத்தை தைப்பவர். வான்சேனில் இருந்த ஒரு பெரிய கம்பெனி, நடிகர்கள் மாடியிலிருந்து குதிப்பதற்காக அவரிடம் மெத்தைகள் வாங்கிப் போனது. தன் மெத்தையை என்ன பாடுபடுத்துகிறார்கள் என்று பார்க்கப் போனவர், ஓர் ஆள் கீழே விழுவதை இருபது பேர் கூடி நின்று சிரத்தையாகச் செய்வதைக் கண்டு வீடு திரும்பினார்.

"விழுறதுக்குத்தானா இத்தனை ஆர்ப்பாட்டம்?" என்றார் மனைவியிடம். "மெத்தை நம்மகிட்ட இருக்கு. விழுற ஆளு ஒண்ணு கிடைச்சா போதும்."

ஆள் தெருமுனையிலேயே கிடைத்தாள். செலி சலவைக்காரி. பொதுச் சலவைத் துறையில் கூடையும் தானுமாகச் சோப்பில் வழுக்கித் தொட்டிக்குள் விழுந்தவள், எழுந்ததும் விழுவதற்கு முன் சொல்லிக்கொண்டிருந்த வாக்கியத்தை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள். அதைப் பார்த்துக்கொண்டிருந்த தெவனூ அன்றைக்கே அவளைச் சேர்த்துக்கொண்டார். அதன்பின் பல வருஷங்கள் செலி விழுந்தாள். ஏணியிலிருந்து, படகிலிருந்து, ஒருமுறை பாவமன்னிப்புக் கேட்கும் கூண்டிலிருந்து பாதிரியாரின் மடிமேல். வடக்கே லில் முதல் தெற்கே மர்செய்வரை ஜனங்கள் சிரித்தார்கள். மெத்தைப் பட்டறைக்குக் கண்ணாடிக் கூரை போட்டு ஸ்டுடியோ ஆக்கினார்கள்.

பிறகு யுத்தம் வந்தது. செலியின் ஒரே மகன் பஸ்தியான் போனான். யுத்தம் முடிந்தது. அவன் வரவில்லை. "காணவில்லை" என்று ராணுவத்திலிருந்து ஒரு வரி வந்தது. நீதிமன்றத்தில் மனு கொடுத்தால் இறந்தவன் என்று தீர்ப்புத் தருவார்கள், உதவித்தொகை வரும் என்று எல்லோரும் சொன்னார்கள்.

"நானே போயி, எம்புள்ளை செத்துட்டான், தயவுபண்ணி ஒத்துக்குங்கன்னு கும்புடணுமா?" என்று கேட்டாள் செலி. யாரும் மறுபடி அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

ஒருநாள் அவள் முதலாளியிடம் வந்து நின்றாள்.

"இனிமே விழ மாட்டேன் முதலாளி."

"முழங்காலா?"

"முழங்கால் கெடக்குது. முன்னெல்லாம் விழுந்தா எந்திரிக்கலாம்னு தோணும். இப்பத் தோண மாட்டேங்குது. ஒரு படத்துலயாவது என்னை நிக்க வைங்க."

அப்படிப் பிறந்த படம்தான் "ஈரத் துணி". ஒரு சலவைக்காரி, போருக்குப் போன மகன். துணி துவைக்கிறாள், தபால்காரன் வருகிறான், பாதிரியார் வருகிறார், கழுதை ஒன்று நிற்கிறது. வேறு ஒன்றும் நடக்காது. யாரும் விழவும் மாட்டார்கள். கடைசிக் காட்சியில் அவள் வாசலில் நின்று, சாயங்காலம் மகனைச் சாப்பிடக் கூப்பிடுவாள். அதோடு முடிகிறது.

"அந்த இடத்துல என்ன சொல்லட்டும்?" என்று செலி கேட்டாள்.

"என்ன வேணா சொல்லு" என்றார் தெவனூ. "யாருக்குக் கேக்கப்போவுது?"

அவர் வாழ்க்கையில் சொன்னவற்றில் மிகவும் விவரம் கெட்ட வாக்கியம் இதுதான் என்று பின்னால் தெரியவந்தது.

ஏனென்றால் அதே சமயத்தில், வேறொரு கம்பெனி எடுத்த புனிதவதி ஒருத்தியின் சரித்திரத்தைக் காது கேளாதோர் பள்ளியில் போட்டுக் காட்டியிருந்தார்கள். புனிதவதியைத் தீயிலிடும் கட்டத்தில் பிள்ளைகள் அத்தனை பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். கன்னியாஸ்திரீகள் விசாரித்தபோது விஷயம் வெளியே வந்தது. புனிதவதி வானத்தைப் பார்த்தபடி உருக்கமாகச் சொன்னது, "நெருப்பைத் தள்ளி வைடா எருமை, பாவாடை பத்திக்கும்" என்பதாம். மற்றவர்கள் கண்ணீர் விட்டுக்கொண்டிருந்த இடத்தில், உதட்டைப் படிக்கத் தெரிந்த பிள்ளைகளுக்கு மட்டும் உண்மை தெரிந்துவிட்டது.

விஷயம் அமைச்சகத்துக்குப் போனது. அமைச்சகம் ஒரு குழுவை அமைத்தது. அதன் பெயர் திரைப்பட வாய்மொழி ஒழுக்கக் குழு. படங்களில் நடிப்பவர்கள் வாயசைத்துப் பேசும் ஒவ்வொரு சொல்லையும் பரிசோதித்து அனுமதி தருவது அதன் வேலை. "கேட்காத சொல்லும் சொல்லே" என்று அதன் வாசலில் பித்தளையில் பொறித்திருந்தார்கள்.

நானும் முதலாளியும் செலியும் அழைப்புக் கிடைத்துப் பாரிஸுக்குப் போனோம். பழைய மாளிகை ஒன்று. கூரையில் தேவதைகள். உயரமான மேஜைக்குப் பின்னால் மூன்று பேர். நடுவில் தலைவர் முசே தெ மோங்கிராவியே. முன்னாள் மாவட்ட ஆட்சியர். தன் மாவட்டத்தில் மேளம் அடிப்பதைத் தடைசெய்து பெயர் வாங்கியவர். வலப்பக்கம் ஜெனரல் எஸ்தூர்னெல். இடப்பக்கம் இலக்கணப் பேராசிரியர் பொந்தாலெக். மூன்று பேருக்கும் சேர்த்து ஒரே ஒரு படம் பார்த்த அனுபவம் இருந்தது. அதுவும் பாதியில் எழுந்து வந்துவிட்டதாக ஜெனரல் சொன்னார்.

கீழே தனி நாற்காலியில் ஒல்லியான ஒருவர் உட்கார்ந்திருந்தார். முசே கரூஜே. குழந்தையில் வந்த காய்ச்சலில் காது போனவர். குழுவின் உதட்டு நிபுணர். அவர் குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. எதைப் படித்தாலும் ரயில் நேரம் சொல்வதுபோல் இருக்கும்.

"ஈரத் துணி. மரணச் செய்தி வரும் காட்சி" என்று அவர் ஆரம்பித்தார். "பாதிரியார், சிலுவையை உயர்த்தியபடி: மத்தியானம் முயல் கறின்னாங்களே, நெசமா? சலவைக்காரி, கண்ணீர் பெருக: முயல் இல்லீங்க, பூனைன்னு நெனைக்கிறேன். பாதிரியார், அவள் தலையில் கை வைத்து: அதான் வாசல்ல மீசை கெடந்துது."

செலி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அடுத்தது. சிப்பாய், கொடிக்கு வணக்கம் வைத்தபடி: இந்தப் பூட்ஸ் எந்தப் பாவியோடது, கடிச்சித் தொலைக்குது."

ஜெனரல் எழுந்து நின்றார். "பிரெஞ்சு ராணுவத்தின் பூட்ஸ் கடிக்காது."

"அது நாடகக் கொட்டகைப் பூட்ஸுங்க" என்றார் தெவனூ.

"ராணுவ உடையில் இருக்கும்வரை அது ராணுவத்தின் பூட்ஸ். நான்கு வருஷம் சேற்றில் நின்ற வீரர்கள் ஒருவரும் என்னிடம் வந்து பூட்ஸ் கடிக்கிறது என்று சொன்னதில்லை. என் தலைமையகம் அறுபது மைல் பின்னால் இருந்தது. வந்து சொல்ல அவர்களுக்கு வேண்டிய அவகாசம் இருந்தது."

பேராசிரியர் பொந்தாலெக்குக்குப் பூனையிலோ பூட்ஸிலோ ஆட்சேபம் இல்லை. "நெனைக்கிறேன் என்கிறாள்" என்றார் மெல்ல. "நினைக்கிறேன் என்றல்லவா வர வேண்டும். பூனையாகவே இருக்கட்டும். ஆனால் பூனையைப் பற்றி இப்படியா நினைப்பது?"

முதலாளி தொப்பியைக் கையில் திருகினார். "ஐயா, நான் மெத்தைக்காரன். ஒண்ணு கேக்கறேன், தப்பா எடுத்துக்காதீங்க. இது எதுவுமே யாருக்கும் கேக்காதே. படத்துல சத்தமே இல்லையே."

தலைவர் புன்னகைத்தார். இந்தக் கேள்விக்காகவே காத்திருந்தவர்போல் சாய்ந்து உட்கார்ந்தார்.

"கேட்காது என்பதுதான் குற்றத்தை இன்னும் கடுமையாக்குகிறது. கேட்டால் குடிமகன் காதைப் பொத்திக்கொள்ளலாம். கேட்காத ஒன்றிலிருந்து அவன் எப்படித் தப்புவான்? யோசித்துப் பாருங்கள். நான் ஆட்சியராக இருந்தபோது ஜனங்கள் என்னைப் பற்றி என் காதில் விழாமல் என்னவெல்லாம் பேசினார்கள் தெரியுமா? எனக்கும் தெரியாது. அதுதான் என்னைத் தூங்கவிடவில்லை. அந்த வேதனையிலிருந்து பிறந்தது இந்தக் குழு."

தீர்ப்பு: படத்தை மறுபடி எடுக்க வேண்டும். உதட்டு வசனங்களைப் பேராசிரியர் எழுதித் தருவார். நடிகர்கள் அவற்றைப் பிழையின்றி உச்சரிக்கிறார்களா என்று பார்க்க கரூஜே எங்கள் ஸ்டுடியோவிலேயே இருப்பார்.

பேராசிரியரின் வசனங்கள் வந்தன. தபால்காரன் தபாலை நீட்டும்போது சொல்ல வேண்டியது: "அம்மையீர், தொலைதூரத்தினின்றும் போந்த இம்மடலைத் தங்கள் திருக்கரங்களில் ஒப்புவிக்கும் பேற்றினைப் பெற்ற யான், இதனுள் உறைவது நற்செய்தியாயின் மகிழ்வதற்கும், அன்றாயின் வருந்துவதற்கும், கடமைப்பட்டவனாவேன்." முதல் தடவை அவன் "திருக்கரங்களில்" வரும்போதே கேமராவில் சுருள் தீர்ந்துவிட்டது. இரண்டாம் தடவை வேகமாகச் சொன்னான். குளிர்ஜுரம் கண்டவன்போல் தாடை ஆடியது. மூன்றாம் தடவை முழுதும் சொல்லி முடித்தான். அதற்குள் தபாலை வாங்க நீட்டிய கையோடு நின்ற செலிக்குத் தோள் பிடித்துக்கொண்டது.

"மறுபடி" என்றார் கரூஜே.

"ஏன்யா?" என்று முதலாளி கிட்டத்தட்ட அழுதார்.

"மதாம் செலி 'தருக' என்கிற இடத்துல ரகரம் தடிச்சிருக்கு. ஓவெர்ஞ் மலைப்பக்கத்து உச்சரிப்பு."

"அது உதட்டுல தெரியுதா?"

"கன்னத்துல தெரியுது."

கழுதையின் விஷயம் தனி. காட்சி முழுவதும் அது எதையோ அசைபோட்டுக்கொண்டிருந்தது. கரூஜே நேர்மையான மனிதர். தன் அறிக்கையில் "கழுதை: தெளிவில்லை" என்று குறித்தார். கழுதை என்ன சொல்கிறது என்று விளக்கம் கேட்டுக் குழு எழுதியது. முதலாளி தயங்கித் தயங்கி "பசி" என்று பதில் போட்டார். குடியரசின் மண்ணில் ஒரு கழுதை பசிப்பதாகச் சொல்வது வேளாண்மை அமைச்சகத்தின் மீதான விமர்சனம் என்று திரும்பி வந்தது. இறுதியில் "கழுதை: திருப்தி" என்று ஒப்புக்கொள்ளப்பட்டது. அதற்குப் பிறகு அந்தக் கழுதையை யாரும் கேமரா பக்கம் கொண்டுவரவில்லை.

முதலாளி ஒரு தந்திரம் செய்து பார்த்தார். எல்லோரும் வாயை இறுக மூடிக்கொண்டு நடிக்க வேண்டும் என்றார். பாதிரியார் மூடிய வாயோடு ஆசீர்வதித்தார். தபால்காரன் பல்வலிக்காரன்போல் வந்து போனான். நல்ல நிம்மதியாக இருந்தது. சுருளைப் பார்த்த தலைவர் எங்களை மறுபடி வரவழைத்தார்.

"பேசும் திறனுள்ளவர்கள் கூட்டாகச் சேர்ந்து பேச மறுத்தால் அதற்கு என்ன பெயர்?"

முதலாளி எங்கள் பக்கம் திரும்பினார்.

"வேலைநிறுத்தம்" என்றார் தலைவர்.

இப்படியே மாதங்கள் போயின. வேறு படம் எடுக்க முடியவில்லை. தச்சர்கள் இருவர் வேறு இடம் பார்த்துக்கொண்டார்கள். முதலாளி மெலிந்துபோனார். பேசும்போது சத்தம் வராமல் உதட்டை மட்டும் அசைக்கும் வழக்கம் அவருக்கு எப்படியோ ஒட்டிக்கொண்டது. வீட்டில் உப்புக் கேட்டால்கூட மனைவி அவர் வாயையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டியிருந்தது.

கரூஜேயை மட்டும் செலிக்குப் பிடித்திருந்தது. மதிய வேளையில் தன் ரொட்டியைப் பிட்டு, கோசுக் குழம்போடு அவருக்கும் வைப்பாள்.

"ஏன்யா, இந்த மோந்த்ரூயில நான் பேசறப்ப என் மூஞ்சியப் பாக்குற ஒரே ஆம்பளை நீதான்" என்றாள் ஒருநாள்.

கரூஜே சிவந்துபோனார். "அது என் உத்தியோகம், மதாம்."

"மத்தவங்க உத்தியோகம்லாம் என்னத்தப் பாக்குறதாம்?"

அவர் சிரித்தார். அவர் சிரிப்புக்குச் சத்தம் உண்டு. குரலைவிட நன்றாக இருந்தது.

ஒருவழியாக எல்லாக் காட்சியும் குழுவின் விருப்பப்படி மாறியது. ஒன்றே ஒன்று பாக்கி. கடைசிக் காட்சி. அதை மட்டும் மறுபடி எடுக்க முதலாளி சம்மதிக்கவில்லை.

"நீங்க சொன்னதெல்லாம் செஞ்சேன். கழுதைக்குத் திருப்தின்னுகூட எழுதிக் குடுத்தேன். அதை மட்டும் தொட மாட்டேன்" என்று கரூஜேயிடம் சொன்னார். எங்களுக்கே ஆச்சரியம். அவர் எதையும் மறுத்து நாங்கள் பார்த்ததில்லை.

மறுபடியும் அதே மாளிகை, அதே தேவதைகள். திரைச்சீலைகளை இழுத்துவிட்டுக் கடைசிச் சுருளைப் போட்டார்கள். செலி வாசலில் நின்றாள். கையைத் துடைத்துக்கொண்டாள். தெருக்கோடியைப் பார்த்து வாய் திறந்தாள். நான் அதைப் பலமுறை பார்த்திருந்தேன். என்ன சொன்னாள் என்று கேட்டதில்லை.

கரூஜே படித்தார், அதே ரயில் நிலையக் குரலில். "பஸ்தியான். சூப் ஆறிப்போவுது. வாடா. காலைத் துடைச்சிட்டு உள்ள வா."



"துடைத்துவிட்டு" என்றார் பேராசிரியர்.

ஜெனரல் முன்னால் சாய்ந்தார். "கதையில் மகன் பெயர் லூசியன் அல்லவா? பஸ்தியான் யார்?"

"எம்புள்ளை" என்றாள் செலி.

"நிஜமான ஆளா?"

"நிஜமான ஆளுதாங்க."

தலைவர் விதிப் புத்தகத்தைப் புரட்டினார். "வாழும் நபர் ஒருவரின் பெயரைத் திரைப்படத்தில் உச்சரிக்க அந்நபரின் சம்மதம் தேவை. சம்மதம் இருக்கிறதா?"

"அவன் இல்லீங்களே. சண்டைக்குப் போனவன்."

"இறந்துவிட்டதாகத் தீர்ப்பு உண்டா?"

"காணலைன்னு எழுதியிருந்தாங்க."

"காணவில்லை என்றால் இல்லை என்று பொருளல்ல" என்றார் ஜெனரல். அவர் குரல் கொஞ்சம் கனிந்திருந்தது. அவர் தேறுதல் சொல்வதாகவே நினைத்திருக்க வேண்டும். "அம்மா, ராணுவம் யாரையும் தொலைப்பதில்லை. சிலரை இன்னும் கண்டெடுக்கவில்லை, அவ்வளவுதான்."

"ஆக, சட்டப்படி அவர் உயிரோடு இருக்கிறார்" என்றார் தலைவர். "உயிரோடு இருப்பவர் நேரில் வந்து சம்மதம் சொல்லலாம். வருகிற வியாழக்கிழமை அவருக்கு அழைப்பு அனுப்புவோம்."

அழைப்பு வந்தது. மேலே "முசே பஸ்தியான்" என்று தொடங்கும் அவன் முழுப் பெயர், வீட்டு முகவரி, முத்திரை. செலி அதை எடுத்துக்கொண்டு என் அறைக்கு வந்து, எழுத்தை ஒவ்வொன்றாகப் படிக்கச் சொன்னாள். நான் படித்தேன்.

"கவர்மெண்டு சொல்லுது, அவன் இருக்கான்னு" என்றாள்.

"செலி, அவங்க முட்டாளுங்க."

"இருக்கட்டும். இத்தனை வருஷத்துல அவனுக்குன்னு ஒரு தபால் வந்திருக்கு பெரீன்."

வியாழக்கிழமை அவள் அவனுடைய சட்டையைத் துவைத்து, கஞ்சி போட்டு, இஸ்திரி போட்டு மடித்துக் கையில் வைத்துக்கொண்டு வந்தாள். முதலாளி ரயிலடியில் அவளை மறித்தார்.

"வேணாம் செலி. அந்தக் காட்சிய வெட்டித் தூக்கிப் போட்டுடறேன். படமே வேணாம். நீ போகாத."

"நான் கூப்புட்டு அவன் வரல முதலாளி. கவர்மெண்டு கூப்புட்டா வருவானோ என்னவோ. அழுக்குச் சட்டையோட வந்தா அந்தப் பெரிய மனுசங்க முன்னால எப்படி நிக்கிறது?"

கிண்டலாகச் சொன்னாளா, நிஜமாகச் சொன்னாளா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. முதலாளிக்கும் தெரியவில்லை. அவர் டிக்கெட் எடுத்தார்.

மாளிகையின் வெளிக்கூடத்தில் பெஞ்சியில் உட்கார்ந்தோம். செலி தன் பக்கத்து இடத்தில் சட்டையை வைத்தாள். கழுத்தில் வெள்ளிச் சங்கிலி தொங்க, சேவகன் வெளியே வந்து படிக்கட்டைப் பார்த்து அவன் பெயரைக் கூவினான். கணீரென்ற குரல். அந்தக் கூடமே அந்தப் பெயரால் நிறைந்தது. செலி எழுந்து நின்று படிக்கட்டைப் பார்த்தாள்.

கீழே யாரோ தும்மினார்கள். வேறு சத்தமில்லை. அவள் உட்கார்ந்தாள்.

விதிப்படி மூன்று முறை கூவ வேண்டுமாம். இரண்டாம் முறையும் அவள் எழுந்தாள். மூன்றாம் முறை சேவகன் அவளையும் அந்தச் சட்டையையும் பார்த்தான். பார்த்துவிட்டு, கூவாமல், பக்கத்து வீட்டுப் பையனைக் கூப்பிடுவதுபோல் மெதுவாக, "பஸ்தியான்?" என்றான். பிறகு கதவைத் திறந்து எங்களை உள்ளே விட்டான்.

தலைவர் தீர்ப்பை நின்றபடி வாசித்தார். "முறைப்படி அழைக்கப்பட்ட நபர் ஆஜராகவில்லை. ஆஜராகாதவர் ஆட்சேபிக்கவில்லை. ஆட்சேபிக்காதவர் சம்மதிக்கிறார். ஆகவே 'ஈரத் துணி'க்கு அனுமதி வழங்கப்படுகிறது. கடைசிக் காட்சிக்குப் பின் 'மகனே, தாய்நாடு உன்னைப் போற்றுகிறது' என்ற அட்டை சேர்க்கப்பட வேண்டும்."

"ஒரு விஷயம்" என்றார் ஜெனரல். "அழைப்பைப் பெற்றும் தக்க காரணமின்றி வராத அந்த இளைஞருக்குக் குழு தன் கண்டனத்தைத் தெரிவிக்க வேண்டும். ஒழுங்கு என்று ஒன்று இருக்கிறது."

கண்டனம் அங்கேயே தட்டச்சு செய்யப்பட்டது. யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் எழுத்தர் விழித்தார்.

"என்கிட்ட குடுங்க" என்றாள் செலி. "வந்ததும் குடுத்துடறேன்."

அப்போது முதலாளி எழுந்தார். முகம் செங்கல்போல் சிவந்திருந்தது. மேஜைவரை போய், மூன்று பேரையும் நேராகப் பார்த்து, வாய் திறந்து பேச ஆரம்பித்தார். நெடுநேரம் பேசினார். கையை ஆட்டினார், மேஜையைக் குத்தினார். ஆனால் அத்தனை மாதப் பழக்கத்தில் ஒரு சொல்லுக்குக்கூடச் சத்தம் வரவில்லை. உதடு மட்டும் அசைந்தது. அவருக்கே அது தெரியவில்லை என்று நினைக்கிறேன். பேசி முடித்துவிட்டு, மனப்பாரம் இறங்கியவர்போல் தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

தலைவர் கரூஜே பக்கம் திரும்பி, வாயை நன்றாக அசைத்துக் கேட்டார். "அவர் என்ன சொன்னார்?"

கரூஜேயின் காது மடல்கள் கருஞ்சிவப்பாக இருந்தன. அப்படிப்பட்ட சொற்களை அவர் அதற்கு முன் எந்த உதட்டிலும் பார்த்திருக்க மாட்டார்.

"குழுவுக்கு நன்றி சொன்னார்" என்றார்.

"நீளமான நன்றி" என்று பேராசிரியர் திருப்தியோடு தலையசைத்தார்.

"ஈரத் துணி" ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், மோந்த்ரூயின் சந்தைக் கொட்டகையில் வெளியானது. குழு அனுமதித்த முதல் படம் என்பதால் மூன்று பேரும் சால்வை, பதக்கம் சகிதம் முன்வரிசையில் வந்து உட்கார்ந்தார்கள். படம் முடிந்ததும் தலைவர் உரையாற்றுவார் என்று வாசலில் அறிவிப்பு. அந்த அறிவிப்பையும் நான்தான் எழுதினேன். கொட்டகை நிறைய எங்கள் தெருப் பெண்கள். சலவைத் துறையிலிருந்தும் பீங்கான் ஆலையிலிருந்தும் வந்தவர்கள். செலி விழுவாள் என்று நினைத்து வந்திருந்தார்கள். சிரிக்கத் தயாராக இருந்தார்கள்.

தபால்காரன் தன் பெரிய வாக்கியத்தை ஆரம்பித்தபோது சிலர் கொட்டாவி விட்டார்கள். பாதிரியார் ஆசீர்வதிக்கும்போது பின்னால் யாரோ பட்டாணி கொறிக்கும் சத்தம் கேட்டது. பியானோக்காரர்கூடத் தூக்கக் கலக்கத்தில் ஒரே ராகத்தைச் சுற்றிச் சுற்றி வந்தார். படம் தோற்றுவிட்டது என்று எனக்குப் புரிந்தது. மாதக்கணக்கில் திருத்தித் திருத்திச் சாகடித்துவிட்டார்கள். முதலாளி குனிந்து தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறகு செலி வாசலில் வந்து நின்றாள். கையைத் துடைத்துக்கொண்டாள். தெருக்கோடியைப் பார்த்தாள். வாய் திறந்தாள்.

பட்டாணிச் சத்தம் நின்றது.

எனக்குப் பின்னால் இருந்த ஒரு பெண், பக்கத்தில் இருந்தவளிடம் சாதாரணமாகச் சொன்னாள். "சூப் ஆறுதுன்னு கூப்புடறா."

"ஆமா" என்றாள் அடுத்தவள். "காலைத் துடைச்சிட்டு வரச் சொல்றா."

அதற்கு மேல் இன்னொரு குரல், இருட்டில் எங்கிருந்தோ: "பின்ன, சேத்துக் காலோட வந்தா?"

யாரும் அவர்களுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. பியானோக்காரர் கையை எடுத்துவிட்டார். கொட்டகை முழுவதும் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. ஒவ்வொருத்தியும் ஒரு பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தாள். அவற்றில் ஒன்றும் பஸ்தியான் இல்லை, அவளவள் வீட்டுக்கு வராதவன் பெயர். என் பக்கத்தில் செலி அசையாமல் உட்கார்ந்திருந்தாள். அவள் என் கையைப் பிடித்திருந்த இடத்தில் இரண்டு நாள் தழும்பு இருந்தது.

திரையில் என் அட்டை வந்தது. "மகனே, தாய்நாடு உன்னைப் போற்றுகிறது." எழுத்தெல்லாம் நேராகத்தான் வந்திருந்தது. யாரும் படித்ததாகத் தெரியவில்லை. விளக்குப் போட்டபோது கைதட்டல் இல்லை. பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கூடைகளை எடுத்துக்கொண்டு, பேசாமல் எழுந்து போகத் தொடங்கினார்கள். போகிற வழியில் ஒவ்வொருத்தியும் செலியின் தோளைத் தொட்டுவிட்டுப் போனாள். சாயங்காலச் சமையல் நேரம் ஆகிக்கொண்டிருந்தது.

முசே தெ மோங்கிராவியே மேடை ஏறித் தொண்டையைச் செருமியபோது கொட்டகையில் மிஞ்சியிருந்தது நாங்களும் குழுவும் மட்டுமே. அவர் அதைப் பொருட்படுத்தவில்லை. காலி நாற்காலிகளைப் பார்த்து, பிரெஞ்சு மொழியின் தூய்மையைக் காத்த இந்தப் படத்தின் வெற்றிக்குத் தம் குழுவே காரணம் என்று தொடங்கி, கழுதையின் திருப்தி வழியாக, யுத்தத்தின் மகத்துவத்துக்கு வந்து சேர்ந்தார். ஜெனரல் விறைப்பாக உட்கார்ந்து கேட்டார். பேராசிரியர் பிழை பார்த்துக்கொண்டிருந்தார். முதலாளிக்கும் எனக்கும் எழுந்து போகத் தைரியம் இல்லை.

செலிக்கு அடுத்த நாற்காலியில் கரூஜே உட்கார்ந்திருந்தார். கொஞ்ச நேரம் அவர் கடமை உணர்ச்சியோடு தலைவரின் உதட்டைப் பார்த்தார். பிறகு கண்ணை மூடிக்கொண்டார். பேச்சு நின்றுபோக அவருக்கு அது போதும்.